எக்ஸ் வடக்கே போகும்

“இவர் இல்ல, மாப்பிள்ளை.”

குழிக்குள் குனிந்து வெகுநேரம் பார்த்துவிட்டு, நிமிர்ந்து, கறுப்பு முக்காட்டைச் சரிசெய்துகொண்டு மாமியார் ஸ்தமென்கா சொன்னது இவ்வளவுதான். எலும்பைக் கழுவுவதற்காகக் கொண்டுவந்திருந்த சிவப்பு ஒயின் பாட்டிலின் தக்கையை மறுபடி அழுத்தி மூடினார். யாரோ ஒருவரின் எலும்பைக் கழுவி அதை வீணாக்குவானேன்?

பாந்தெலெய் முளையையும் குழியையும் மாறி மாறிப் பார்த்தார். அந்த இடத்தில்தான் அவருடைய மாமனார் தோப்ரி இருக்க வேண்டும். கணக்கு அப்படித்தான் சொன்னது. கணக்கைப் போட்டவரும் அவரேதான்.

“அத்தை, இன்னொரு தடவை நல்லாப் பாருங்க. நான் சரிபார்த்துத்தான் முளை அடிச்சேன்.”

“நல்லாத்தான் பாத்தேன். கூட வாழ்ந்தவளுக்குத் தெரியாதா? உங்க மாமனார் நல்ல உயரம். இது யாரோ கட்டையான மனுஷன், பாவம்.”

குழிவெட்டி மானோல் மண்வெட்டிக் காம்பின் மேல் தாடையை ஊன்றிக்கொண்டு, “படுத்தா எல்லாரும் ஒரே உயரம்தாம்மா,” என்றார். “மூடவா, எடுக்கவா? அதைச் சொல்லுங்க. கை விறைச்சுப்போச்சு.”

“எடுத்துப் பேர் எழுதாத பெட்டியில போட்டு, சிலுவை ஓரமா வைங்க,” என்றார் பாந்தெலெய்.

ஸ்லிவோதோல் கிராமத்துக்கு அது கடைசி இலையுதிர்காலம். பள்ளத்தாக்கின் வாயில் அணை எழும்பி நின்றது. திங்கட்கிழமை மதகை இறக்கப்போகிறார்கள். அதற்குப் பிறகு தண்ணீர் யாரையும் கேட்காமல் மேலே ஏறும். உயிரோடு இருப்பவர்களை மேட்டிலுள்ள புதுக் குடியிருப்புக்கு ஆடு, கோழி, ஊறுகாய்ப் பீப்பாய் சகிதம் முன்பே ஏற்றியாயிற்று. பாக்கி இருந்தது செத்தவர்கள் மட்டும். அவர்களையும் மேட்டுக் கல்லறைத் தோட்டத்துக்கு மாற்றிக்கொண்டிருந்தார்கள். யார் எங்கே கிடக்கிறார்கள் என்று காட்டிக்கொடுப்பது மாவட்ட சர்வேயர் பாந்தெலெய்யின் பொறுப்பு.

சும்மா காட்டிக்கொடுத்திருந்தால் வம்பில்லை. கோடையில் நடந்த கூட்டத்தில் மனிதர் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டார்.

“தலைக்கல்லையெல்லாம் முதல்ல லாரியில ஏத்திடலாம், தோழர்களே. கல்லை நடத்தான் நேரம் பிடிக்கும். ஆளுங்க எங்க இருக்காங்கன்னு கவலையே வேண்டாம். ஒவ்வொரு கல்லறையையும் அளந்து வெச்சிருக்கேன். கண்ணைக் கட்டி விட்டாக்கூட முளை அடிச்சுடுவேன்.”

எல்லாரும் கை தட்டினார்கள். மாவட்டத் தலைவர் ஸப்ரியானோவ் எழுந்து வந்து அவர் தோளைத் தட்டினார். மறுவாரமே கல்லெல்லாம் போயிற்று. ஏரியின் அடியில் மரம் நிற்கக்கூடாது என்று பிளம் மரங்களையும் வெட்டிச் சாய்த்தார்கள். வேலியைப் பிடுங்கினார்கள். மழை வேறு பிடித்துக்கொண்டது. லாரிகள் போய்வந்து போய்வந்து தோட்டம் முழுக்கச் சேறாகிவிட்டது. சனிக்கிழமை தவறாமல் மெழுகுவத்தியோடு வந்துகொண்டிருந்த பெண்களுக்கே புருஷன் எந்தப் பக்கம், பிள்ளை எந்தப் பக்கம் என்று தெரியவில்லை.

பாந்தெலெய் மட்டும் அசரவில்லை. தோட்டத்தின் நடுவே ஒரு கற்சிலுவை, அதை மட்டும் விட்டு வைத்திருந்தார்கள். அதை மையமாக வைத்துத்தான் அவர் அளந்திருந்தார். ஒவ்வொரு கல்லறையும் சிலுவையிலிருந்து வடக்கே எத்தனை மீட்டர், கிழக்கே எத்தனை மீட்டர். வடக்கே போவது எக்ஸ், கிழக்கே போவது ஒய். தெற்கோ மேற்கோ போனால் கழித்தல் குறி. ஆனால் இந்தச் சேற்றில் வடக்கே நடந்து, செங்கோணமாகத் திரும்பி, கிழக்கே நடந்து அளவு நாடா பிடிக்க முடியுமா? சிலுவையடியில் கோணம் அளக்கும் தியோடலைட்டை நிறுத்தி, ‘இந்தத் திசையில் இவ்வளவு தூரம்’ என்று ஒரே இழுப்பாக இழுப்பதுதான் வழி. செவ்வக ஆயத்தொலைவைத் துருவ ஆயத்தொலைவாக மாற்றுவது என்று பாடப்புத்தகத்தில் இதற்குப் பெரிய பெயர் வைத்திருக்கிறார்கள்.

தூரம் கண்டுபிடிப்பது சுலபம். திசைதான் வில்லங்கம். ஒய்யை எக்ஸால் வகுத்து டேஞ்சன்ட் அட்டவணையைப் புரட்ட வேண்டும். அட்டவணையோ, வடகிழக்கே படுத்திருப்பவருக்கும் அவருக்கு நேரெதிரே தென்மேற்கே படுத்திருப்பவருக்கும் ஒரே விடையைத் தரும். எந்தக் கால்வட்டம் என்று குறிகளைப் பார்த்து, வேண்டிய இடத்தில் அரைவட்டம் கூட்டிக்கொள்வது சர்வேயர் பாடு. தொழிலில் இருக்கிறவர்கள் எல்லாரும் ஒரு தடவையாவது இதில் கோட்டை விட்டிருப்பார்கள். வெளியே சொல்லமாட்டார்கள்.

போன வாரம் முழுக்க ஒரு குறையும் இல்லை. பாந்தெலெய் முளை அடித்த இடத்தில் மானோல் தோண்டினார், எலும்பு வந்தது, குடும்பம் அழுதது, பெட்டி மேட்டுக்குப் போயிற்று. குழியில் சுண்ணாம்பு கொட்டி மூடிச் சமன் செய்தார்கள். ஊரில் பெரும்பகுதி இப்படி மாறிவிட்டது. கடைசியில் சொந்த மாமனார் முறை வந்தபோதுதான் இந்த இடி.

அன்று காலை வீட்டை விட்டுக் கிளம்பும்போது மனைவி ரலிட்சா தெளிவாகச் சொல்லியிருந்தாள்.

“எங்கப்பாவைக் கொண்டுவராம நீங்க வீட்டுப் படி ஏறாதீங்க. குச்சி நடுற வேலைதானே? அதையாவது ஒழுங்காச் செய்யுங்க.”

அந்த வீட்டில் அவர் தொழிலை மதிக்கும் ஒரே ஜீவன் மாமியார் ஸ்தமென்காதான். தியோடலைட் பெட்டியைத் துடைத்து வைப்பார். அவர் கணக்குப் போடும்போது ரேடியோவைத் தணிப்பார். ஒருநாளும் குரலை உயர்த்திப் பேசியதில்லை. அப்படிப்பட்டவருக்காக மேட்டுத் தோட்டத்தில் ஜோடிக் கல்லறை ஒன்றைத் தயார் செய்து வைத்திருந்தார் பாந்தெலெய். ஒரு பக்கம் தோப்ரி. மறுபக்கம் காலி. கல்லில் இரண்டு பேர் பெயரும் செதுக்கியிருந்தது, ஊர் வழக்கப்படி ஸ்தமென்காவின் பெயருக்குக் கீழே செத்த வருஷத்துக்கு மட்டும் இடம் விட்டு. போகும் நாளில் அந்த அம்மாள் அன்னியன் பக்கத்தில் போய்ப் படுப்பதா?

ஸப்ரியானோவ் கார் சேற்றில் சிக்கியதால் நடந்தே வந்து சேர்ந்தார். பேர் எழுதாத பெட்டியைப் பார்த்தார். விஷயத்தைக் கேட்டார். முகம் சுருங்கியது.

“கல்லை முதல்ல எடுக்கச் சொன்னது யாருய்யா?”

“நான்தான், தோழர் தலைவரே.”

“மறக்கலையே? ஒரு எலும்பு இடம் மாறினாலும் அதுக்குப் பேரு கவனக்குறைவு இல்ல. நாசவேலை. நீ குடியிருக்கறது அரசாங்க வீடு, அதையும் மறந்துடாதே.”

பாந்தெலெய் சிலுவையடியில் முக்காலி போட்டு உட்கார்ந்து அட்டவணையைப் பிரித்தார். மாமனாரின் எக்ஸ் கூட்டல், ஒய் கழித்தல். இந்தக் குறி மாறின ஆட்கள்தான் எப்போதும் தொல்லை. அரைவட்டம் கூட்டாமல் விட்டிருப்போமோ? மறுபடி போட்டுப் பார்த்தார். முதல் விடையேதான் வந்தது. ஆனால் விடை சரியாக இருந்தால் மாமியார் சொல்வது தப்பாக வேண்டும். கட்டிய புருஷனை ஒரு பெண்ணுக்கு அடையாளம் தெரியாமல் போகுமா? ஆகவே தப்பு கணக்கில்தான். அரைவட்டம் கூட்டிவிட்டார்.

புது முளை தோட்டத்தின் நேரெதிர்ப் பக்கம் போய் விழுந்தது. மானோல் முணுமுணுத்துக்கொண்டே தோண்டினார். எலும்பு வந்தது. கூடவே ஒரு ஜோடி வெள்ளித் தோடும் வந்தது.

“உங்க மாமனார் தோடு போடுவாரா, சர்வேயர்?” என்றார் மானோல்.

பாந்தெலெய் பதில் சொல்வதற்குள் பின்னாலிருந்து ஓர் அலறல் கேட்டது. பள்ளிக்கூடத்துக் கணக்கு வாத்தியார் ஹரலம்பி. வேடிக்கை பார்க்க வந்தவர்.

“ஐயோ! இது எங்கம்மா தோடு!”

“உங்கம்மாவைத்தான் போன வாரமே எடுத்துட்டுப் போயிட்டீங்களே, வாத்தியாரே!” என்றார் பாந்தெலெய்.

“அப்ப நான் யாரைக் கட்டிப்பிடிச்சு அழுதேன்?”

“பதறாதீங்க. இந்த ஊர்ல எல்லாரும் ஒரே சந்தையில ஒரே தட்டான்கிட்ட வாங்கின தோடுதான். எங்க அத்தை காதைப் பாருங்க. அதேதான்.”

“பெத்த தாய் தோடு பிள்ளைக்குத் தெரியாதாய்யா? உங்க அத்தை காதை ஏன் நடுவுல இழுக்கறீங்க?”

இந்தச் செய்தி மேட்டுக்கு ஏறிய வேகத்தில் தண்ணீர்கூட ஏறியிருக்காது. மத்தியானத்துக்குள் ஊரே இறங்கி வந்துவிட்டது. கையில் பெட்டிகள். புதைத்த மண் காயாத பெட்டிகளையும் தோண்டிக்கொண்டு வந்திருந்தார்கள். எல்லாருடைய வாயிலும் ஒரே கேள்வி: நான் யாரைப் புதைத்தேன்?

“எங்க மாமனாருக்குப் பல்லே கிடையாது. இந்தப் பெட்டியில பாரு, பூராப் பல்லும் இருக்கு!”

“இருந்துச்சு, இருந்துச்சு. கடைசிக் காலத்துல நீ கறி போடலைன்னுதான் பல்லைக் காட்டாம இருந்தாரு.”

“எங்க அண்ணனை எவன்டா எடுத்துட்டுப் போனது?”

போன வாரம் ஒருவருக்கும் சந்தேகமில்லை. இன்றைக்கு ஒருவருக்கும் நம்பிக்கையில்லை. ஸப்ரியானோவ் சிலுவையின் படிக்கட்டில் ஏறி நின்று, “அமைதி, தோழர்களே! விஞ்ஞான முறைப்படி விசாரிப்போம்!” என்று கத்தினார். விஞ்ஞானம் என்றதும் வாத்தியார் முன்னால் வந்தார். தாய் கைமாறிப்போன கோபம் வேறு.

“தோழர் சர்வேயர், ஒரே ஒரு கேள்வி. எக்ஸ் எந்தப் பக்கம் போகும்?”

“வடக்கே.”

வாத்தியார் கூட்டத்தைப் பார்த்துக் கையை விரித்தார். “கேட்டுக்கங்க! அஞ்சாம் வகுப்புப் பிள்ளைகூடச் சொல்லும். எக்ஸ் வலப்பக்கம் போகும். ஒய் மேலே போகும்.”

“அது உங்க கரும்பலகையில, வாத்தியாரே. சர்வேயில எக்ஸ் வடக்கே போகும். நாடு முழுக்க அப்படித்தான்.”

“நாடு முழுக்கத் தப்பாச் செஞ்சா அது சரியாயிடுமா?”

கூட்டம் கப்சிப் ஆயிற்று. ஸப்ரியானோவ் ஒரு தடவை சுற்றுமுற்றும் பார்த்தார். வாத்தியாருக்கு வியர்த்துவிட்டது. “நாட்டைச் சொல்லல. சர்வேயரைச் சொன்னேன்,” என்று அவசரமாகத் திருத்திக்கொண்டார்.

“நான் அளந்ததுல தப்பே வராது,” என்றார் பாந்தெலெய்.

“அளந்தது நீங்க. நீங்க சொல்லச் சொல்ல எழுதினது யாரு?”

“என் கிளார்க்.”

“அவன் எங்க? கூப்பிடுங்க.”

“பட்டாளத்துல சேர்ந்துட்டான். எல்லையில இருக்கான்.”

“அவன் கணக்கு எங்க படிச்சான்?”

பாந்தெலெய் தயங்கினார். “உங்ககிட்டத்தான்.”

“என்கிட்ட படிச்சவன்!” வாத்தியார் நெஞ்சில் அறைந்துகொண்டார். “என்கிட்ட படிச்சவன் எக்ஸை வலப்பக்கம்தான் எழுதியிருப்பான்! எக்ஸும் ஒய்யும் மாறிக் கிடக்கு. அடிப்படையே தப்பு!”

அந்தக் கிளார்க்கின் பக்கத்தில் நின்று, அவன் எழுதியதைப் பார்த்தவர்தான் பாந்தெலெய். பார்த்தோமா? பார்த்த மாதிரிதான் இருந்தது. கோடை வெயில், ஈ, பசி. இப்போது சத்தியம் செய்யச் சொன்னால் செய்ய முடியாது. தன் கணக்கை நம்புகிற துணிச்சல் அந்த நிமிஷம் அவரை விட்டுப் போய்விட்டது. அதற்குப் பிறகு அது திரும்பவேயில்லை.

அதுவரை ஓரமாக நின்ற ஸ்தமென்கா மெதுவாகக் கேட்டார்.

“எனக்கு இதெல்லாம் என்ன தெரியும், மாப்பிள்ளை. சும்மா கேக்கறேன். வாத்தியார் சொல்றபடி போட்டா நம்ம ஆளு எந்தப் பக்கம் வருவாரு?”

“கீழ்ச் சரிவுல வரும், அத்தை. தெற்கே.”

“கீழ்ச் சரிவா?” அம்மாள் அந்தப் பக்கம் பார்த்தார். “இருக்கலாம். எனக்கும் சரிவாத்தான் ஞாபகம். போட்டுத்தான் பாருங்களேன்.”

கணக்கை வாத்தியாரே போட்டார். எண்ணைச் சொன்னார், பாந்தெலெய் தியோடலைட்டைத் திருப்பினார், நாடாவை இழுத்தார்கள், மானோல் வெட்டினார். வெட்டின இடத்தில் எலும்பும் இல்லை, ஒன்றும் இல்லை. வெறும் சுண்ணாம்பு. போன வாரம் காலி செய்த குழி. அதிலிருந்து போனவர் பழைய ஊராட்சித் தலைவர். அவருடைய மகன் பெட்டியைக் கட்டிக்கொண்டு கூட்டத்தில்தான் நின்றான்.

“அப்ப எங்கப்பா இருந்த இடத்துலதான் இவங்க மாமனார் இருந்தாரா? அப்ப இது அவங்க மாமனாரா? எங்கப்பா எங்க?” என்று அவன் பெட்டியைக் கீழே வைத்தான். மறுபடி தூக்கினான். மறுபடி வைத்தான். யாருடைய அப்பாவைத் தூக்கி நிற்கிறோம் என்று தெரியாத மனிதனைப் பார்க்கப் பரிதாபமாக இருந்தது.

“பாத்தீங்களா? வாத்தியார் கணக்கும் தப்பு,” என்றார் பாந்தெலெய். அவருக்கு ஒரு கணம் உயிர் வந்தது.

“முழுக்கத் தப்புன்னு சொல்லிட முடியுமா, மாப்பிள்ளை?” என்றார் ஸ்தமென்கா. “கிட்டத்தட்ட வந்துட்ட மாதிரி இருக்கு. இன்னும் கொஞ்சம் வலப்பக்கம் தள்ளிப் போகணுமோ என்னமோ.”

பாந்தெலெய் தியோடலைட்டின் வட்டத்தைப் பார்த்தார். சட்டென்று விளங்கிவிட்டது. விளங்காமலே இருந்திருக்கலாம். சர்வேயர்கள் முழு வட்டத்தை நானூறாகப் பிரித்து வைத்திருப்பவர்கள். பள்ளிக்கூட வட்டம் முந்நூற்று அறுபது. வாத்தியார் தன் கணக்கில் சொன்ன எண்ணை இவர் தன் கருவியில் அப்படியே வைத்துவிட்டார். மாற்றிப் போட்டால் முளை வலப்பக்கம்தான் நகரும். தொழில்காரப் புத்தி, கண்டுபிடித்ததை வாயில் வைத்துக்கொள்ளத் தெரியாது.

“அத்தை சொல்றது சரிதான்! வட்டத்தை மாத்த மறந்துட்டோம்!” என்று தானே கத்திவிட்டார்.

வலப்பக்கம் நகர்ந்த முளை, வெட்டிய ஒரு பிளம் மரத்தின் அடிக்கட்டைக்குப் பக்கத்தில் நின்றது. மானோல் தோண்டினார். பலகை மக்கிய கறுப்பு மண் வந்தது. பிறகு மண்டையோடு வந்தது. நெற்றி அகலமாக, பல்லெல்லாம் வரிசையாக.

ஸ்தமென்கா சேற்றில் அப்படியே மண்டியிட்டார். முக்காடு நழுவிற்று, அதைச் சரிசெய்யவில்லை. மண்டையோட்டை இரண்டு கையாலும் வாங்கி மடியில் வைத்துக்கொண்டார்.

“இவர்தான்,” என்றார்.

தக்கையைப் பிடுங்கி ஒயினை ஊற்றினார். கண்குழியிலிருந்த மண்ணை முக்காட்டு ஓரத்தால் துடைத்துத் துடைத்து எடுத்தார். அப்புறம் அழுதார். அந்த அழுகையைக் கேட்டு, பெட்டிக்காகச் சண்டை போட்டவர்களெல்லாம் வாயை மூடிக்கொண்டார்கள். மானோல் தொப்பியைக் கழற்றினார். ஸப்ரியானோவ்கூட வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். பாந்தெலெய்க்கும் கண் கலங்கியது. இத்தனை அன்பை இந்த அம்மாள் இத்தனை வருஷமாக எங்கே ஒளித்து வைத்திருந்தார் என்று வியந்தார்.

ஸப்ரியானோவ்தான் முதலில் சுதாரித்தார்.

“தோழர்களே, நிரூபணமாயிடுச்சு! கட்டின மனைவியே அடையாளம் காட்டிட்டாங்க. இதுக்கு மேல சாட்சி வேணுமா? வாத்தியார் கணக்குதான் சரி. மொத்தத் தோட்டத்துக்கும் அதன்படியே திருத்துங்க!”

திருத்தினார்கள். அதுதான் கொடுமை. எக்ஸும் ஒய்யும் இடம் மாறினால் கல்லறைகள் ஜோடி ஜோடியாக இடம் மாறும். இவர் அவராவார், அவர் இவராவார். ஆக ஒவ்வொரு குடும்பமும் இன்னொரு குடும்பத்தோடு பெட்டியை மாற்றிக்கொள்ள வேண்டும். வாத்தியார் சிலுவைப் படிக்கட்டில் நின்று ஜோடிகளைக் கூப்பிட்டார். பெட்டிகளில் எழுதியிருந்த பெயர்களைச் சுரண்டிவிட்டுப் புதுப் பெயர் எழுத ஒருவன் சாய டப்பாவோடு நின்றான்.

கட்சிச் செயலாளரின் தாத்தாவுக்கு ஜோடி, பழைய பாதிரியார். செயலாளர் போன வாரம் செங்கொடி போர்த்திப் புதைத்த பெட்டியைப் பாதிரியார் வீட்டார் சிலுவைக் குறி போட்டு வாங்கிக்கொண்டார்கள். அவர்கள் கொடுத்த பெட்டிக்கு அவசரமாகக் கொடி போர்த்தினார்கள். வரப்புத் தகராறில் ஆயுள் முழுக்கப் பேசாமலிருந்த அண்ணனும் தம்பியும் ஒருவருக்கொருவர் ஜோடியாக வந்தார்கள். அவர்களுடைய பிள்ளைகள் முகத்தைப் பார்க்காமலே பெட்டியைக் கைமாற்றினார்கள். வாத்தியாரும் தாயை மாற்றிக்கொண்டார். இந்தத் தடவை கொஞ்சம் குறைவாக அழுதார். மூலைவிட்டக் கோட்டின் மேல் படுத்திருந்த சிலருக்கு மட்டும் எக்ஸும் ஒய்யும் ஒன்றேதான், அவர்களுக்கு மாற்றமில்லை. அந்தக் குடும்பங்கள் எதையோ சாதித்துவிட்ட தோரணையில் ஓரமாக உட்கார்ந்து பிளம் சாராயமான ரக்கியாவைக் குடித்தன.

கடைசியாகச் சிலுவை ஓரத்தில் பேர் எழுதாத அந்த முதல் பெட்டி மட்டும் மிஞ்சியது. வாத்தியார் கணக்கைப் பார்த்தார்.

“இது தோப்ரிக்கு ஜோடி. மாவு மில் வெச்சிருந்த வெல்ச்சோ. கல்யாணம் ஆகாத ஆளு. கேக்க யாரும் இல்ல.”

“அநாதை வரிசையில போடுங்க,” என்றார் ஸப்ரியானோவ். சாய டப்பாக்காரன் வெல்ச்சோ என்று எழுதினான். மானோல் பெட்டியைத் தூக்கி லாரியில் போட்டார்.

திங்கட்கிழமை மதகு இறங்கியது. அதற்கு முந்தின நாள், ஞாயிற்றுக்கிழமை காலை, மேட்டுத் தோட்டத்தின் ஜோடிக் கல்லறையில் பெட்டியை இறக்கினார்கள். ரலிட்சா வந்திருந்தாள். அவித்த கோதுமையில் சர்க்கரை தூவி எல்லாருக்கும் கொடுத்தாள். கல்லில் அப்பா பெயரைத் தொட்டுக் கும்பிட்டாள்.

“அம்மா அழறதைப் பாத்தீங்களா?” என்று கணவனிடம் கிசுகிசுத்தாள். “அப்பா செத்தப்பகூட இப்படி அழல. அப்ப வீட்டுல எல்லாரும் நிம்மதியா மூச்சுதான் விட்டோம்.”

“ஏன்?”

“ஏன்னா? அவர் வீட்டுல நுழைஞ்சா பூனைகூட அடுப்புக்கு அடியில போய்டும். அவர் அடிக்கற பெல்ட்டு ஆணியில தொங்கும். அதைப் பாத்துக்கிட்டேதான் நாங்க சாப்பிடுவோம். விடுங்க. செத்தவரைப் பேசக்கூடாது.”

ஸப்ரியானோவும் வந்திருந்தார். பாந்தெலெய்யைத் தனியாக அழைத்துத் தணிந்த குரலில் பேசினார். அந்தத் தணிவுதான் பயமாக இருந்தது.

“வாத்தியார் காப்பாத்தினாரு, இல்லைன்னா நீ இந்நேரம் விசாரணையில உக்காந்திருப்ப. நாளையிலேர்ந்து சர்வே ஆபீஸுக்கு வராதே. கூட்டுப்பண்ணையில பன்றிக்கொட்டகை அளக்க ஆள் வேணுமாம். அதுக்கு எக்ஸும் வேண்டாம், ஒய்யும் வேண்டாம். வீட்டை மாசக் கடைசியில காலி பண்ணிடு.”

“சரி, தோழர் தலைவரே.”

எல்லாரும் கலைந்து போனபிறகும் பாந்தெலெய் அங்கேயே இருந்தார். ஜோடிக் கல்லறையின் ஓரத்தில் குந்தி, ஒரு குச்சியால் ஈர மண்ணில் கணக்குப் போட்டார். எக்ஸ், ஒய், வகுத்தல், கால்வட்டம். முதல் நாள் வந்த விடையேதான் வந்தது. அழித்தார். கிழக்கிலிருந்து தொடங்கிப் போட்டார். அதே விடை. அநாதைப் பெட்டி கிடந்த இடத்தையேதான் கணக்கு பிடிவாதமாகக் காட்டியது. குச்சியைத் தூக்கி எறிந்துவிட்டு முகத்தைப் பொத்திக்கொண்டார். வேலை போனதோ வீடு போனதோ அவ்வளவு உறுத்தவில்லை. இருபது வருஷம் நம்பின கணக்கு கைவிட்டுவிட்டது. ஒரு ஊரையே தாறுமாறாகக் கிடத்தியிருப்பேன், நல்லவேளை தடுத்தார்கள் என்று நினைத்துக்கொண்டார்.

ஸ்தமென்கா ஒரு தட்டில் கோதுமையோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். மண்ணில் கிடந்த எண்களைப் பார்த்தார். மருமகனின் முகத்தைப் பார்த்தார்.

“காலையிலேர்ந்து ஒண்ணும் சாப்பிடல நீங்க. ரெண்டு வாய் சாப்பிடுங்க, மாப்பிள்ளை.”

“வேண்டாம், அத்தை. எனக்குப் புத்தி பிசகிப்போச்சு. எப்படிப் போட்டாலும் அதே தப்பு விடைதான் வருது. இனிமே இந்தக் கையால கணக்குப் போட மாட்டேன். தெரியாத ஒருத்தர் பக்கத்துல உங்களைப் படுக்க வெச்சிருப்பேனே!”

அம்மாள் தட்டை அவர் மடியில் வைத்து, தலையை ஒரு தடவை தடவிக்கொடுத்து, எப்போதும்போல் தணிந்த குரலில் சொன்னார்:

“முதல் குழியில கிடந்தது உங்க மாமனாரேதான், மாப்பிள்ளை, முப்பது வருஷம் அந்த ஆளு பக்கத்துல படுத்தாச்சு, செத்த பிறகாவது எனக்குப் பிடிச்சவர் பக்கத்துல படுக்கக்கூடாதா?”